ஸ்டெல்லா தண்ணீர் குடித்தாள்

போன திங்கட்கிழமை பள்ளிக்கூடத்துக்கு அரை நாள் லீவு போட்டேன். ஹெட்மிஸ்ட்ரஸ் காரணம் கேட்டார். "ஒரு பொண்ணு தண்ணி குடிக்கப் போறா மேடம், போய்ப் பார்க்கணும்" என்றேன். என் வயதை நினைத்தாரோ, சர்வீஸை நினைத்தாரோ... மேலே ஒன்றும் கேட்காமல் கையெழுத்துப் போட்டுவிட்டார்.

போனேன். பார்த்தேன். வந்துவிட்டேன். இன்னும் படபடப்பு அடங்கவில்லை.

தண்ணீர் குடிப்பதில் என்ன அதிசயம் என்கிறீர்களா? நீங்கள் ஆணாக இருந்தால் கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள். பெண்ணாக இருந்தால் அடுத்த பாராவிலேயே உங்களுக்குப் புரிந்துவிடும்.

தாம்பரத்தில் ஜி.எஸ்.டி. ரோட்டை ஒட்டி ஒரு அரசாங்க ஆபீஸ். எந்த இலாகா என்று சொல்ல மாட்டேன். என் வீட்டுக்காரர் அங்கே சூப்பரின்டென்டென்ட். (முன்பு இதே பத்திரிகையில் நான் எழுதிய குடையைத் தொலைத்த கதையில் வந்தாரே, அவரேதான்.) அந்தக் கட்டடம் ஆண்கள் மட்டும் வேலை பார்த்த காலத்தில் கட்டியது. பின்பக்கம் ஆண்களுக்கு வரிசையாகக் கக்கூஸ் உண்டு. அப்புறம் காலம் மாறியது. பெண்கள் பரீட்சை எழுதி உள்ளே வந்தார்கள். அவர்களுக்கு மேஜை போட்டார்கள், நாற்காலி போட்டார்கள், டைப்ரைட்டர் கொடுத்தார்கள். அவர்களுக்கு உடம்பு என்று ஒன்று இருப்பது மட்டும் யாருக்கும் ஞாபகம் வரவில்லை.

(ஆசிரியர் அவர்களே, மேலே 'கக்கூஸ்' என்று எழுதியிருக்கிறேன். தயவுசெய்து அதை அடித்துவிட்டு நாசூக்காக வேறு ஏதாவது போடாதீர்கள். போட்டால் என்ன ஆகும் என்பதுதான் இந்த வாரக் கதை.)

சரி, அந்தப் பெண்கள் என்னதான் செய்தார்கள்? ரோட்டுக்கு எதிர்ப்பக்கம் முனியம்மா என்று ஒருத்தி எருமை வைத்துப் பால் ஊற்றுகிறாள். அவள் வீட்டுக் கொல்லையில் கீற்றுத் தட்டி மறைத்து ஒரு இடம். இரண்டு இரண்டு பேராகச் சேர்ந்து, லாரிக்கும் பஸ்ஸுக்கும் நடுவில் சந்து கிடைக்கிறதா என்று பார்த்து, புடவையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஓட வேண்டும். திரும்பவும் அதே ஓட்டம். மற்றபடி அந்த ஆபீஸில் பெண்கள் தண்ணீரே குடிக்க மாட்டார்கள். காலையில் காபியை நாக்கில் நனைப்பதோடு சரி. மத்தியானம் தயிர் சாதத்தைக்கூடக் கெட்டியாகத்தான் பிசைந்து கொண்டுவருவார்கள்.

எனக்கு இதெல்லாம் எப்படித் தெரியும்? என் வீட்டுக்காரர் சொல்லி இல்லை. அத்தனை வருஷம் அதே ஹாலில் உட்கார்ந்திருந்த அவருக்கே இந்த ஓட்டமும் தாகமும் தெரியாது. "லேடீஸ் ஸ்டாஃப் ரொம்ப கட்டுப்பாடு, சீட்டை விட்டு நகரவே மாட்டாங்க" என்று பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தார்.

சொன்னது ஸ்டெல்லா.

ஸ்டெல்லா அங்கே டைப்பிஸ்ட். சிங்கப்பெருமாள் கோவிலிலிருந்து தினமும் ரயிலில் வருகிற பெண். எங்கள் வீடு தாம்பரம் ஸ்டேஷனுக்குப் பக்கத்தில். சாயந்தரம் ஆபீஸ் விட்டதும் ஒரு புயல் எங்கள் வாசலில் நுழையும், என்னைத் தாண்டும், நேராகப் பின்கட்டுக்குப் போகும். போய்விட்டு வந்த பிறகுதான் "வணக்கம் அக்கா" என்ற குரல் வரும். அதற்கப்புறம் ஒரு செம்புத் தண்ணீரை மூச்சு விடாமல் குடிப்பாள். பிறகு ரயிலுக்கு ஓடுவாள். சொந்தத் தங்கைகூட என் வீட்டுக்கு இவ்வளவு ஒழுங்காக வந்ததில்லை.

போன வருஷம் அவள் கர்ப்பமானாள். கூடவே நீர்க்கடுப்பு வந்தது. மாத்திரை சாப்பிட்டால் போகும், நிறுத்தினால் வரும். ஜுரமும் நடுக்கமும் சேர்ந்துகொண்டன. ஆஸ்பத்திரியில் டாக்டரம்மா திட்டவட்டமாகச் சொல்லிவிட்டார்: "நாள் பூரா தண்ணி குடிக்கணும். அடக்கவே கூடாது. முடியாதுன்னா வேலையை விட்டுடு. உனக்கும் ஆபத்து, குழந்தைக்கும் ஆபத்து."

அவள் மாமியாருக்கு அதுவே போதுமானதாக இருந்தது. பிரசவத்துக்கு லீவு போடு, அப்படியே ராஜினாமா எழுதிக் கொடுத்துவிடு என்றார். ஸ்டெல்லாவின் கணவன் நல்ல பையன்தான். ஆனாலும் பயந்துபோய் அவனும் அம்மா பக்கம் சாய்ந்துவிட்டான்.

ஒரு சாயந்தரம் எங்கள் சமையலறையில் உட்கார்ந்து அழுதாள். "அக்கா, எங்க குடும்பத்துலயே முதல் கவர்ன்மென்ட் உத்தியோகம் என்னுது. பரீட்சை எழுதி வாங்கினேன். அதைப் போய் ஒண்ணுக்குப் போக இடமில்லைன்னு விட்டேன்னா, வெளிய எப்படிக்கா சொல்லுவேன்?"

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. என் வீட்டுக்காரர் செருப்பைக் கழற்றுவதற்குள் பிடித்துக்கொண்டேன்.

"ஏங்க, அந்தப் பொண்ணுங்க மனு கொடுக்கலாம் இல்ல?"

"கொடுத்தாச்சே. அதுவும் நான்தான் டிராஃப்ட் பார்த்துக் கொடுத்தேன். ரெண்டு ரிமைண்டர் வேற போயிருக்கு."

"பதில்?"

"பரிசீலனையில் இருக்கு."

எவ்வளவு நாளாக? ஸ்டெல்லா வேலையில் சேர்ந்த வருஷத்திலிருந்து. இடையில் ஒரே ஒரு தடவை மேலாபீஸிலிருந்து வண்டியில் ஆளுயரத்துக்கு ஒரு நிலைக்கண்ணாடி வந்து இறங்கியதாம். யார் கேட்டது, எதற்கு வந்தது என்று ஒருவருக்கும் தெரியவில்லை. பெண்கள் உட்காரும் பக்கம் சுவரில் சாய்த்து வைத்துவிட்டார்கள். அதில் முகம் பார்க்கக் கூச்சப்பட்டு, கடைசியில் ஃபைல் கட்டுகளை அதன் முன்னால் அடுக்கிவிட்டார்கள்.

ஐப்பசி மழையில் முனியம்மாவின் கீற்றுத் தட்டியும் விழுந்தது. அவளைப் பார்க்கப் போனேன். சாணிக் கையோடு வந்து நின்றாள்.

"இன்னா டீச்சரம்மா, எம்மாம் பெரிய ஆபீஸு கீது... ஒரு கக்கூசு கட்ட துப்பில்லையா? அந்தப் பொண்ணு வவுத்த புடிச்சிக்கினு ரோட்டாண்ட நிக்கிறத பாத்தா எனுக்கே பேஜாரா கீது. எங்க தட்டியும் வூந்துட்ச்சி. இனிமே அதுங்க எங்க போவும்?"



அந்தக் கேள்விக்குப் பதில் குரோம்பேட்டையில் இருந்தது. ஸ்டெல்லாவின் கணவனோடு படித்த மனோகரன் என்ற பையன், புதிதாக வக்கீல் கோட்டு மாட்டியிருந்தான். ஞாயிற்றுக்கிழமை எங்கள் வீட்டுக்கு வந்தான். அவன் சொன்னதை என் வகுப்புப் பிள்ளைகளுக்குச் சொல்வதுபோல் உங்களுக்கும் சொல்லிவிடுகிறேன்.

அரசாங்கம் செய்ய வேண்டியதைச் செய்யாமல் சும்மா இருந்தால், ஹைகோர்ட்டில் ஒரு ரிட் மனு போடலாம். அதற்கு மாண்டமஸ் என்று பெயர். 'சும்மா இருக்காதே, உன் கடமையைச் செய்' என்று கோர்ட் உத்தரவு போடும். ஆனால் ஊழியர் கேட்டதையெல்லாம் 'கொடு' என்று கோர்ட் சொல்லிவிடாது. 'அவர்கள் கேட்டதைப் பரிசீலித்து, இத்தனை நாளுக்குள் உண்டு, இல்லை என்று பதில் சொல்' என்று நிச்சயமாகச் சொல்லும்.

"பதில் சொல்ல வைக்கறதுக்கே கோர்ட்டா?" என்றேன்.

"அதுவே பெரிய விஷயம் டீச்சர். பதில் வந்துட்டா அதை வச்சு மேல சண்டை போடலாம். பதிலே இல்லாதவங்ககூட எப்படிச் சண்டை போடுறது?"

வாழ்க்கைக்கே பொருந்துகிற வாசகம். என் வீட்டுக்காரரைத் திரும்பிப் பார்த்தேன். அவர் பேப்பருக்குள் இருந்தார்.

"ஆனா கோர்ட் ரெண்டு கேள்வி கேட்கும்" என்றான் மனோகரன். "ஒண்ணு, நீங்க கேட்டீங்களா? ரெண்டு, அவங்க மறுத்தாங்களா? மறுத்தாங்கன்னு காட்ட ஏதாவது கையில இருந்தா கேஸ் பலமா இருக்கும்."

கேட்டோமா? அதுதான் மனு, ரிமைண்டர் எல்லாம் போயிருக்கிறதே. அதில் யாருக்கும் சந்தேகமே இல்லை. அந்தக் காகிதங்களைக் கட்டாகக் கட்டி அவனிடம் கொடுத்தோம். மறுத்தார்களா? அங்கேதான் இடித்தது. ஆக, எங்களுக்கு உடனடியாகத் தேவைப்பட்டது ஒரு 'முடியாது'.

ஒரு 'முடியாது'க்காக நாங்கள் பட்ட பாடு இருக்கிறதே...

"கவர்ன்மென்ட்ல முடியாதுன்னு சொல்ல மாட்டாங்க" என்றார் என் வீட்டுக்காரர், பேப்பருக்குள்ளிருந்தே. "சொன்னா அதுக்குக் கீழ ஒருத்தன் கையெழுத்துப் போடணும். பரிசீலனைன்னா கையெழுத்துப் போட்டவனுக்கு ஒண்ணும் ஆகாது."

முப்பது வருஷத் தாம்பத்தியத்தில் அவர் சொன்ன மிகச் சிறந்த வாக்கியம் இது. அதையும் பேப்பரைப் பார்த்துக்கொண்டேதான் சொன்னார்.

மேலாபீஸுக்குப் போனோம். ஸ்டெல்லா, அவளோடு வேலை பார்க்கும் இன்னொரு பெண், துணைக்கு நான். பட்டணத்தில் பெரிய ஆபீஸ், பெரிய அதிகாரி. தங்கமான மனுஷன். எழுந்து நின்று வரவேற்றார். ஸ்டெல்லாவின் வயிற்றைப் பார்த்ததும் ஃபேனை வேகமாக வைக்கச் சொன்னார். பியூனைக் கூப்பிட்டு எல்லோருக்கும் காபி வரவழைத்தார்.

பெரிய டம்ளரில் நுரை தளும்பக் காபி. இரண்டு பெண்களும் அதைப் பார்த்தார்கள். தாம்பரம் திரும்ப ரயிலில் எவ்வளவு நேரம் என்று மனசுக்குள் கணக்குப் போடுவது எனக்குத் தெரிந்தது. ஒருத்தி உதட்டில் வைத்து எடுத்தாள். ஸ்டெல்லா தொடவே இல்லை.

"எங்க மனு விஷயமா சார்..." என்று ஆரம்பித்தாள்.

"தெரியும்மா. ஆக்டிவ் கன்ஸிடரேஷன்ல இருக்கு."

"முடியாதுன்னா முடியாதுன்னு சொல்லிடுங்க சார். அதுவே போதும்."

அவர் பதறிவிட்டார். "சேச்சே, அப்படியெல்லாம் நான் சொல்வேனாம்மா? பெண்களோட விஷயம். காபி ஆறிடப் போகுது, குடிங்க."

இவரிடம் எப்படிச் சண்டை போடுவது? கும்பிடு போட்டுவிட்டு வந்தோம். வராந்தாவில் ஒரு கிளார்க் ஸ்டெல்லாவின் பக்கத்தில் வந்து, "கோர்ட்டு கீர்ட்டுன்னு போனா கோவில்பட்டிக்கு மாத்திடுவாங்கம்மா, புள்ளத்தாச்சி வேற, யோசிச்சுக்கோ" என்று அக்கறையாகச் சொல்லிவிட்டுப் போனார்.  திரும்பும்போது ரயில் சானடோரியம் ஸ்டேஷனைத் தாண்டுகையில் ஸ்டெல்லா, "கோவில்பட்டி ஆபீஸ்ல கக்கூஸ் இருக்குமாக்கா?" என்று கேட்டாள். எனக்குச் சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை. மூவரும் சிரித்துவிட்டோம்.

அன்று ராத்திரியே மனோகரன் முடிவெடுத்துவிட்டான். பதில் சொல்லாமல் இழுப்பதும் மறுப்பதுதான் என்று வாதாடப் போகிறேன் என்றான். வக்கீல் நோட்டீஸ் போனது. கெடு முடிந்தது. பதில் இல்லை. ஸ்டெல்லாவின் பெயரில் ரிட் மனு ஹைகோர்ட்டில் பதிவானது.

கேஸ் வந்த நாளை என் ஆயுசுக்கும் மறக்க மாட்டேன். ஸ்டெல்லாவுக்கு எட்டாம் மாதம். கையைப் பிடித்து ரயிலில் ஏற்றினேன். பீச் ஸ்டேஷனில் இறங்கி, நின்று நின்று நடந்து போய்ச் சேர்ந்தோம். அந்தச் சிவப்புக் கட்டடத்துக்குள் நான் அதுவரை நுழைந்ததே இல்லை. எங்கு பார்த்தாலும் கறுப்புக் கோட்டு. என் நெஞ்சு அடித்துக்கொண்டதில் எந்த ஹால், எந்த மாடி என்று ஒன்றும் மனசில் பதியவில்லை.

உள்ளே போய் உட்கார்ந்த பிறகு பார்க்கிறேன்... கடைசித் தூணுக்குப் பின்னால் பழக்கமான ஒரு குடை. என் வீட்டுக்காரர். கேஷுவல் லீவு போட்டுவிட்டு, எங்களிடமும் சொல்லாமல், அடுத்த ரயிலில் வந்திருக்கிறார். அரசாங்கத்துக்கு எதிரான கேஸில் சூப்பரின்டென்டென்ட் முகம் தெரியக்கூடாது, அதனால் தூண்.

மனோகரன் எழுந்தான். பதிலே சொல்லாத அரசாங்கத்தைப் பற்றி நல்ல இங்கிலீஷில் பொரிந்து தள்ளினான். நீதிபதி தலையை ஆட்டிக் குறித்துக்கொண்டார். நான் ஸ்டெல்லாவின் கையை அமுக்கினேன். ஜெயித்துவிட்டோம் என்றே நினைத்தேன்.

அரசாங்க வக்கீல் எழுந்தார். வயசானவர், அவசரமே இல்லாத குரல்.

"மை லார்ட், பதில் சொல்ல அரசாங்கம் தயார். ஆனால் எதற்குப் பதில் சொல்வது? கேட்டது என்னவென்று மனுவில் இல்லையே. மனுவைப் படிக்கிறேன்." மூக்குக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு நிறுத்தி நிறுத்திப் படித்தார்: "பெண் ஊழியர்தம் கண்ணியத்துக்கு உகந்ததும், இயல்பின் தேவையை ஒட்டியதுமான, இன்றியமையா வசதியினை ஆவன செய்து அருளுமாறு..."

தூண் பக்கம் பார்த்தேன். என் வீட்டுக்காரர் ஒரு அடி வெளியே வந்து நிமிர்ந்து நின்றார். அவருடைய தமிழ் ஹைகோர்ட்டில் முழங்குகிறது! முகத்தில் அப்படி ஒரு பூரிப்பு.

"மை லார்ட், இலாகா இதைப் பரிசீலித்தது. அலட்சியமாக இருக்கவில்லை. கண்ணியத்துக்கு உகந்த வசதி என்ற வகையில் ஒரு நிலைக்கண்ணாடி அனுப்பியிருக்கிறது. பெற்றுக்கொண்டதற்குக் கையெழுத்தும் இருக்கிறது. இதற்கு மேல் என்ன வேண்டும் என்று மனுதாரர் இதுவரை சொல்லவே இல்லை."

தூணுக்குப் பின்னால் குடை மறைந்தது.

அந்த ஒரு வார்த்தை எங்கேயுமே இல்லை. மனுவிலும் இல்லை, ரிமைண்டரிலும் இல்லை, வக்கீல் நோட்டீஸிலும் இல்லை. 'இயல்பின் தேவை', 'அத்தியாவசிய வசதி', 'மேற்படி வசதி'... எல்லாக் காகிதத்திலும் இதுவேதான். பெண்கள் முதலில் எழுதியிருந்த வார்த்தையை, "இதெல்லாம் ஆபீசர் டேபிளுக்குப் போற பேப்பரும்மா" என்று என் வீட்டுக்காரர் அடித்துவிட்டுக் கண்ணியமாக மாற்றியிருக்கிறார். அந்தப் பெண்களுக்கும் அதில் ஒரு நிம்மதி. மனோகரனும் அதையே இங்கிலீஷில் மொழிபெயர்த்திருக்கிறான். மாதக்கணக்கில் 'முடியாது' என்ற ஒரு வார்த்தையைத் தேடி அலைந்தோமே... நாங்கள் இன்னும் கேட்கவே இல்லை! உலகத்தில் வேறு எந்த ஊரிலாவது இப்படி ஒரு தப்பு நடக்குமா?

நீதிபதி மனோகரனைப் பார்த்தார். "வசதி என்று நீங்கள் சொல்வது எது?"

"மை லார்ட், அந்த... அடிப்படை... ஒரு சானிடரி... பெண்களுக்கான அந்த வசதி..."

பையனுக்கு வேர்த்துக் கொட்டியது. கோர்ட்டில் அத்தனை பெரியவர்கள். அந்த ஒரு வார்த்தையைச் சொல்ல அவனுக்குக் கூச்சம். அரசாங்க வக்கீல் மேல்கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்கு எல்லாம் புரிந்திருந்தது, ஆனால் எடுத்துக் கொடுக்க அவருக்கு என்ன தலையெழுத்து?

"மனுதாரர் வந்திருக்கிறாரா?" என்றார் நீதிபதி.

ஸ்டெல்லா என் தோளைப் பிடித்துக்கொண்டு எழுந்தாள். அவள் நிலையைப் பார்த்ததும் நீதிபதி தமிழுக்கு வந்துவிட்டார். "உட்கார்ந்தே சொல்லலாம்மா. உங்களுக்கு என்ன வேணும்?"

ஸ்டெல்லா உட்காரவில்லை.

"கக்கூஸ் ஐயா" என்றாள்.



"எங்க ஆபீஸ்ல பொம்பளைங்களுக்குக் கக்கூஸ் இல்லீங்க ஐயா. ரோட்டைத் தாண்டி ஒரு வீட்டுக்குப் போய்க்கிட்டிருந்தோம். மழையில அங்கயும் விழுந்துடுச்சு. காலையில வீட்டை விட்டா ராத்திரி வரைக்கும் நாங்க யாரும் தண்ணி குடிக்கிறதில்லை. எனக்கு உடம்புக்கு வந்துடுச்சு. தண்ணி குடி, இல்லேன்னா வேலையை விடுன்னு டாக்டர் சொல்லிட்டாங்க. எனக்கு வேலை வேணும் ஐயா."

குரல் கடைசியில்தான் கொஞ்சம் உடைந்தது. நான் அதற்கு முன்பே உடைந்துவிட்டேன். வாயில் முந்தானையை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

நீதிபதி அரசாங்க வக்கீலின் பக்கம் திரும்பினார். "இப்போது கோரிக்கை தெளிவாக இருக்கிறதா?"

"இருக்கிறது மை லார்ட். அரசாங்கம் உடனடியாக இதைப் பரிசீலனைக்கு..."

"பரிசீலிக்கட்டும். லஞ்ச் முடிந்து நான் உட்காரும்போது எனக்கு உண்டு அல்லது இல்லை, இரண்டில் ஒன்று வேண்டும். இல்லை என்றால் யார் சொன்னது என்ற பெயரோடு வேண்டும்."

பெயரோடு! என் வீட்டுக்காரரின் தத்துவம் அவருக்கு யார் சொன்னது?

லஞ்சில் அரசாங்க வக்கீல் டெலிபோனைத் தேடி ஓடியதை என் கண்ணால் பார்த்தேன். அத்தனை நிதானமான மனிதர், கோட்டு பறக்க ஓடினார். திரும்பி வந்து, "உண்டு மை லார்ட்" என்றார். மனுதாரர் பிரசவ லீவு முடிந்து வேலைக்குத் திரும்புவதற்குள் கட்டி முடிக்கிறோம் என்று ஒப்புக்கொண்டார். நீதிபதி அதை எழுதிக்கொண்டார். எழுதும்போது 'வசதி' என்று எழுதவில்லை. லாவெட்டரி என்று கக்கூஸின் இங்கிலீஷ் பெயரையே வாய்விட்டுச் சொல்லி எழுதினார். மனோகரன் தலை நிமிராமல் குறித்துக்கொண்டான்.

ஸ்டெல்லாவின் மாமியார் இதற்கெல்லாம் அசரவில்லை. "கட்டட்டும், அப்புறம் பேசலாம்" என்றார். நியாயம்தானே? கோர்ட்டில் ஒப்புக்கொண்டதெல்லாம் செங்கல்லாக மாறுமா? ராஜினாமா எழுதிய காகிதம் ஸ்டெல்லாவின் பெட்டியிலேயே இருந்தது. பெண் குழந்தை பிறந்தது. லீவு ஓடியது. ஆபீஸ் பின்பக்கம் மண்ணைத் தோண்டிப் போட்டுவிட்டு ஆட்கள் காணாமல் போனார்கள்.

அப்போதுதான் என் வீட்டுக்காரர் மாறினார். தினமும் சாயந்தரம் வந்து உட்கார்ந்து செய்தி வாசிப்பார். இன்றைக்குச் செங்கல் வந்தது. இன்றைக்குச் சிமென்ட் வரவில்லை, போன் போட்டேன். இன்றைக்கும் போன் போட்டேன், கோர்ட் உத்தரவை ஞாபகப்படுத்தினேன். தன் கல்யாணத்துக்குக்கூட அவர் இவ்வளவு அலையவில்லை. ஆனாலும் 'அது' என்றுதான் சொல்வார். அதுக்குச் சுவர் எழும்பியாச்சு, அதுக்குக் கதவு வந்தாச்சு. நானும் விட்டுவிட்டேன்.

இப்போது திங்கட்கிழமைக்கு வருவோம்.

நான் போனபோது ஆபீஸ் பின்பக்கம் சுண்ணாம்பு வாசனையோடு புத்தம் புதிதாக அது நின்றது. வேடிக்கை பார்க்க முனியம்மாவும் ரோட்டைத் தாண்டி வந்திருந்தாள். போர்டு எழுதுகிறவன் பெயிண்ட் டப்பாவோடு ஹால் வாசலில் காத்திருந்தான்.

"சார், இன்னா எழுதணும்? துண்டுச் சீட்டுல 'மகளிர் வசதி அறை'ன்னு குடுத்துகீறாங்க."

என் வீட்டுக்காரர் அந்தச் சீட்டை வாங்கிப் பார்த்தார். ஹாலில் எல்லோரும் டைப் அடிப்பதை நிறுத்திவிட்டார்கள். அவர் காது சிவந்தது. எனக்குத்தான் தெரியும், அந்த மனிதர் வீட்டில்கூட அந்த வார்த்தையைச் சொன்னதில்லை.

"வசதி வேணாம்ப்பா" என்றார், ஹால் முழுக்கக் கேட்கிற மாதிரி. "'பெண்கள் கக்கூஸ்'னு எழுது. ரோட்டுலருந்து பார்த்தாலும் தெரியணும்."

ஸ்டெல்லா தன் சீட்டில் உட்கார்ந்திருந்தாள். குழந்தையை மாமியாரிடம் விட்டுவிட்டு, அன்று காலை ரயிலில் வந்து வேலையில் சேர்ந்துவிட்டாள். ராஜினாமாக் காகிதத்தை என்ன செய்தாள் என்று நான் கேட்கவில்லை. மற்றப் பெண்கள் சுற்றி நின்றார்கள். ஒருத்தி பானையிலிருந்து ஒரு டம்ளர் மொண்டு அவள் கையில் கொடுத்தாள். காலை பதினொரு மணி. அந்த ஹாலில் அந்த நேரத்தில் ஒரு பெண் தண்ணீர் குடித்ததே கிடையாது.

ஸ்டெல்லா குடித்தாள். அவசரப்படாமல், அண்ணாந்து, கடைசிச் சொட்டு வரைக்கும் குடித்தாள்.

யாரும் கை தட்டவில்லை. எல்லோரும் மூக்கை உறிஞ்சிக்கொண்டிருந்தோம். அவள் புறங்கையால் வாயைத் துடைத்துக்கொண்டு, காலி டம்ளரை என் வீட்டுக்காரர் பக்கம் நீட்டினாள்.

"சார், இன்னொண்ணு" என்றாள்.

பரிசீலிக்காமல் போய் மொண்டுகொண்டு வந்தார்.